சீரியலில் நான் சாகாமல் போன கதை

எனக்கு இரண்டு வீடுகள் இருந்தன. ஒன்று குன்னூருக்குப் பக்கத்தில் ஜெகதளாவில், தேயிலைச் சரிவின் ஓரத்தில் ஓட்டு வீடு. இன்னொன்று சென்னையில், ஒரு பெரிய ஷெட்டுக்குள் பிளைவுட்டில் கட்டியது. அந்த இரண்டாவது வீட்டில் மாடிப்படி உண்டு, மாடி கிடையாது. நான் கோபித்துக்கொண்டு படியேறிப் போகும் காட்சி என்றால், மேலே ஒரு பலகையில் மூச்சைப் பிடித்துக்கொண்டு, ‘கட்’ என்ற சத்தம் கேட்கும்வரை நிற்பேன். மாதத்தில் பாதி நாள் அந்த வீட்டுக்குக் குடும்பத் தலைவன். மீதி நாள் இந்த வீட்டுக்கு விருந்தாளி. தூக்கம் கலைந்து எழுந்தால், சமையலறை எந்தப் பக்கம் என்று சற்று நேரம் பிடிபடாது. ஜன்னலைத் திறந்து மூடுபனி முகத்தில் பட்டால்தான் ஊரில் இருக்கிறேன் என்று நிச்சயமாகும்.

நான் நடிப்புப் படித்து நடிகனானவன் இல்லை. அப்பா வேலை பார்த்த தொழிற்சாலையின் மனமகிழ் மன்றத்தில் வருடா வருடம் நாடகம் போடுவார்கள். அதில் எழுதுவதும் நடிப்பதும் நானே. வேறு ஆள் கிடைக்காததுதான் காரணம், திறமை என்று நான் நினைத்துக்கொண்டேன். பிறகொரு மழைக்காலத்தில் சென்னையிலிருந்து ஒரு சீரியல் கோஷ்டி குன்னூரில் பங்களா பிடித்துப் படமெடுக்க வந்தது. எனக்கு எஸ்டேட் கிளார்க் வேஷம், இரண்டு வரி வசனம். அந்த இரண்டு வரியை எங்கள் தெரு முழுக்க மனப்பாடம் செய்துவிட்டது.

அப்போது மலைப்பாதையில் மண் சரிந்தது. வசனத் தாள்களைக் கொண்டுவந்த ஆள் மேட்டுப்பாளையத்தில் மாட்டிக்கொண்டார். டைரக்டர் பங்களா வராந்தாவில் குறுக்கும் நெடுக்குமாக நடந்து எல்லோரையும் திட்டித் தீர்த்தார். நான் எழுதட்டுமா என்று கேட்டேன். போனால் போகிறது, எழுதுய்யா என்றார். எழுத உட்கார்ந்தால் வெளியே ஒரு பக்கம் வெயில், அடுத்த நிமிடம் எதிரில் இருக்கிற மரம் தெரியவில்லை. ஒரே காட்சியில் இரண்டும் வந்தால் ஒட்டாது. அதனால் பாத்திரங்களையே அதைப் பற்றிப் பேச வைத்தேன். ‘பனி இறங்கிருச்சே’ என்று ஒருத்தி, ‘அட, வெளுத்திருச்சு பாரு’ என்று இன்னொருத்தன். வானம் எப்படி இருந்தாலும் காட்சி ஓடியது. கோஷ்டி கீழே இறங்கியபோது என்னையும் கூட்டிக்கொண்டு போனார்கள்.

சென்னையில் நான் அப்பா ஆனேன். தலையில் பாதி நரையைத் தடவிக்கொண்டு, கழுத்தில் மேக்கப் துண்டோடு ஒரு மூலையில் உட்கார்ந்து அன்றைய காட்சியை எழுதுவேன். ஒரு பக்கம் முடிவதற்குள் உதவி டைரக்டர் உருவிக்கொண்டு ஓடுவார். மற்றவர்களுக்கு நீளநீளமாக எழுதுவேன். எனக்கு மட்டும் ஒரு ‘ம்’, ஒரு பெருமூச்சு, ஒரு ‘உன் இஷ்டம்மா’. சீரியலில் எனக்கு மனைவியாக நடித்த அம்மாள் இதைக் கண்டுபிடித்துவிட்டார். “எனக்கு மூணு பக்கம் அழுகை, உங்களுக்கு ஒரு தலையாட்டலா? நல்லா இருக்கு சார் உங்க நியாயம்!” என்றார். சீக்கிரம் முடிந்தால் ராத்திரி ரயிலைப் பிடிக்கலாம் என்பதை அவரிடம் நான் சொல்லவில்லை.

விடியும்போது மேட்டுப்பாளையம். பஸ் ஒவ்வொரு வளைவாக ஏற ஏற, சட்டைக்குள் குளிர் நுழையும், காது அடைக்கும். பாக்குத் தோப்பு போய்ப் பலாமரம் வரும், அது போய்த் தேயிலை வரும். பாதித் தூக்கத்தில் அந்த வீட்டு மகன்களும் மருமகள்களும் ஜன்னலுக்கு வெளியே பனியில் நின்று என்னைப் பார்த்துக் கையாட்டுவார்கள். குன்னூர் வந்ததும் கண்டக்டர் தோளைத் தட்டி, “ஏனுங்க, உங்க மருமக நேத்து அப்படிப் பேசிப்போட்டாளே, சும்மாவா உட்டீங்க?” என்பார். எந்த ஊரில் விழித்தேன் என்று குழப்பமாக இருக்கும்.

என் மனைவி ராணுவ அலுவலகம் ஒன்றில் சிவிலியன் குமாஸ்தா. அதனால் அவள் மலையைவிட்டு இறங்கவில்லை. நான் ஊரில் இருக்கும் நாட்களில் இருவரும் சேர்ந்துதான் சீரியல் பார்ப்போம். நான் பக்கத்தில் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருப்பேன். அவள் கண் பெட்டியைவிட்டு நகராது. “அவருக்குக் கோவம் வருது பாருங்க” என்று என்னைப் பற்றி என்னிடமே சொல்வாள். எனக்கு அவர்மேல் கொஞ்சம் பொறாமைகூட உண்டு.

இப்படி ஓடிக்கொண்டிருந்தபோது ஒருநாள் டைரக்டர் என்னைத் தனியாக அழைத்தார். கதை வறண்டுவிட்டது, அப்பா இறந்தால்தான் ஒரு சுற்று ஓட்டலாம் என்றார். “நீங்களே எழுதிடுங்க அண்ணே. நீங்க எழுதினாத்தான் ஜனங்க அழுவாங்க.” எனக்கு வருத்தம் வரவில்லை என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். சந்தோஷமாகத்தான் இருந்தது. இத்தனை வருடம் தலையாட்டிய மனிதனுக்கு ஒரு நல்ல சாவாவது கிடைக்கட்டும் என்று ஊருக்கு வந்து, அடைமழையில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு, ரசித்து ரசித்து என் சாவை எழுதினேன். எழுதி முடித்துவிட்டு மனைவிக்குப் படித்துக் காட்டினேன்.

“அப்புறம்?” என்றாள்.

“அப்புறம் என்ன? செவுத்துல போட்டோ. மாலை. ஒரு விளக்கு.”

அவள் எழுந்து போய் அடுப்பில் இல்லாத பாலைப் பார்த்துவிட்டு வந்தாள்.

“மாலை மட்டும் வேண்டாமுங்க.”

நான் சிரித்தேன். எங்கள் தொழிலில் இதற்கெல்லாம் பரிகாரம் உண்டு. பிணமாகப் படுத்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்க வேண்டும். பூசணிக்காய் சுற்றி உடைப்பார்கள். அத்தோடு திருஷ்டி கழிந்தது, அடுத்த காட்சிக்குப் போய்விடலாம். இதை அவளுக்கு விளக்கினேன்.

“நீங்க சிரிச்சுட்டு வந்துருவீங்க. சிரிக்கறதை டீவியில காட்டுவாங்களா?” என்றாள். “இந்தச் சரிவுல அத்தனை ஊட்லயும் அந்தப் போட்டோ தெரியும். ஒரு நாளா, ரெண்டு நாளா? சீரியல் முடியற வரைக்கும் தெனமும் தெரியும். அதைப் பார்த்துப்போட்டு நான் நெத்தியில பொட்டு வெச்சுட்டு பஸ் ஏறோணுமுங்க.”

கல்யாணமாகி இத்தனை வருடத்தில் என் தொழிலைப் பற்றி அவள் கேட்ட ஒரே விஷயம் அது. எழுதியதை ஓரமாக வைத்துவிட்டு மறுபடி எழுதினேன். அப்பாவுக்கு நெஞ்சு வலி. மலைக்காற்று நல்லது என்கிறார் டாக்டர். குடும்பமே வாசலில் நின்று அழ, கார் கிளம்புகிறது. டைரக்டர் முகம் சுளித்தார். நான் மடக்கினேன். “கொன்னுட்டா முடிஞ்சுது சார். உசுரோட விட்டா எப்ப வேணும்னாலும் திரும்பக் கூட்டிட்டு வரலாம்.” அவர் யோசித்துப் பார்த்துவிட்டு, அதுவும் சரிதான் என்றார். என் கெட்டிக்காரத்தனத்தை நானே மெச்சிக்கொண்டு மலை ஏறினேன்.

அதற்குப் பிறகு வந்த மாதங்கள் கனவில் நடந்தவை மாதிரிதான் இன்றும் ஞாபகத்தில் இருக்கின்றன. நடிப்பு இல்லை, ஆனால் எழுத்து இருந்தது. வசனத்தை வீட்டிலேயே எழுதி, குன்னூரில் ஒரு கடையிலிருந்து ஃபேக்ஸ் அனுப்புவேன். அதில் எல்லோரும் என்னைப் பற்றியே பேசினார்கள். பெரிய மகன் தொலைபேசியை எடுத்து, “அப்பா, அங்க குளிரா இருக்கா?” என்பான். கம்பளிக்குள் இருந்து நான் பதில் சொல்ல வாயெடுப்பேன். மனைவியாக நடித்த அம்மாள் காலியான நாற்காலியைத் துடைத்துவிட்டுக் கண்ணையும் துடைப்பார். என்னை யாரும் மறந்துவிடக்கூடாதே என்று நானே எழுதியதுதான் அத்தனையும். பக்கத்து வீட்டுக்காரர் ஒருநாள் வேலியருகில் நின்று, “ஊட்டியில இருக்கறதா உங்க பையன் சொன்னானுங்களே, நீங்க என்னடான்னா இங்க இருக்கீங்க?” என்று கேட்டுவிட்டுத் தானே வெட்கப்பட்டார்.

சாயங்காலம் குடையோடு பஸ் நிறுத்தத்தில் போய் நிற்பேன். பனிக்குள்ளிருந்து முதலில் பஸ்ஸின் மஞ்சள் விளக்கு, பிறகு சத்தம், பிறகு அவள். இருவரும் ஒரே குடையில் ஏறி வருவோம். படியேறும்போது அவள் ஏதோ ஒரு மெட்டை முணுமுணுப்பாள். அவளுக்குப் பாட்டு வரும் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது. நன்றாகத்தான் இருந்தது. ஆனாலும் என் காது தொலைபேசியிடம் இருந்தது. என் வயதுக்கு அப்பா வேஷம்தான் கிடைக்கும். மற்ற சீரியல்களில் எல்லா அப்பாக்களும் திடகாத்திரமாக இருந்தார்கள். இந்த நாற்காலிக்குத் திரும்பப் போனால்தான் நான் நடிகன், இல்லையென்றால் மழையில் கம்பளி போர்த்திய ஆள். அந்தப் பயத்தை அவளிடம் சொல்லிக்கொண்டே இருந்தேன். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

ஒருவழியாக டைரக்டர் கூப்பிட்டார். அப்பா வீடு திரும்பும் காட்சியை எழுதி அனுப்பச் சொன்னார். ஷூட்டிங் தேதி பிறகு சொல்வதாகச் சொன்னார். அன்று நான் எழுதியதுபோல் வேறெப்போதும் எழுதியதில்லை. முதல் தடவையாக எனக்கு நானே முழுதாக ஒரு பக்கம் வசனம் கொடுத்துக்கொண்டேன். இரண்டு புதுச் சட்டை எடுத்தேன். பெட்டியை அடுக்கி வைத்தேன். அவள் சட்டைகளுக்கு இஸ்திரி போட்டுக் கொடுத்தாள். தேதி வரவில்லை. நான் கூப்பிட்டபோது, டைரக்டர் செட்டில் இருக்கிறார் என்றார்கள்.

அந்தச் சாயங்காலம் வழக்கம்போல் பெட்டிமுன் உட்கார்ந்தோம். சீரியல் வீட்டு வாசலில் ஒரு கார் வந்து நின்றது. கதவு திறந்தது. முதலில் செருப்புக் கால்கள், பிறகு வேட்டிக் கரை, பிறகு முகம். ஒருகாலத்தில் சினிமாவில் நடித்த ஒருவரின் முகம். திரையின் அடியில் ஒரு வரி ஓடியது: இனி இவருக்குப் பதில் இவர். குடும்பம் அவர் காலில் விழுந்தது. யாருக்கும் ஒரு சந்தேகமும் வரவில்லை. மலைக்காற்றில் அப்பாவின் முகமே மாறிவிட்டதை ஒருவரும் கவனிக்கவில்லை.

அவர் என் நாற்காலியில் உட்கார்ந்து, எனக்கென்று நான் எழுதிய பக்கத்தைப் பேச ஆரம்பித்தார். நன்றாகவே பேசினார். அதுதான் பொறுக்கவில்லை. உட்கார்ந்திருந்தவன் எழுந்து கத்தினேன்.

“அன்னைக்கே மாலை போட்டிருந்தா, அந்த நாற்காலியில எவனும் உட்கார்ந்திருக்க முடியாது! செத்தவனுக்குப் பதில் ஆள் போட முடியுமா? உன்னாலதான்! எல்லாம் உன்னாலதான்!”

அவள் பெட்டியின் சத்தத்தைக் குறைத்தாள். பிறகு முகத்தைத் திருப்பி என்னைப் பார்த்தாள்.

“ஆமாங்க. என்னாலதான்” என்றாள். “மாலை வேண்டாம்னது பயத்துல. அது நெசம். ஆனா நீங்க வந்து இங்க இருக்க ஆரம்பிச்ச பொறகு, தெனமும் பஸ் இறங்கறப்ப கொடையோட உங்களைப் பார்த்த பொறகு, அந்த ஃபோன் வரக்கூடாதுன்னு கும்பிட்டேனுங்க. உங்க சட்டைக்கு இஸ்திரி போட்டுட்டேதான் கும்பிட்டேன்.”

நான் நின்றுகொண்டே இருந்தேன்.

“உங்களுக்கு எவ்வளவு வலிக்கும்னு தெரியுமுங்க. கோவிச்சுக்காதீங்க. எனக்கு இன்னைக்குச் சந்தோசமா இருக்குதுங்க.”

சொல்லிவிட்டு அழுதாள். டீவியில் என் மனைவியும் அந்த மனிதரின் தோளில் சாய்ந்து அழுதுகொண்டிருந்தார். அந்த அம்மாளுக்குச் சொல்ல வேண்டியதை நான் ஒரு பக்கம் எழுதி அனுப்பியிருந்தேன், புது அப்பா அதை வரி தவறாமல் சொல்லிக்கொண்டிருந்தார். இவளுக்குச் சொல்ல என்னிடம் ஒரு வரியும் இல்லை.