கதிர் முணுமுணுத்த மெட்டு

பின்னணி இசை போடுகிறவர்களிடம் கல்யாண வீட்டில் எல்லோரும் கேட்பது, "நீங்க போட்ட பாட்டு ஒண்ணு சொல்லுங்க" என்பதுதான். பாட்டே போட்டதில்லை என்றால் இரக்கப்பட்டு இன்னொரு கரண்டி பாயசம் ஊற்றச் சொல்வார்கள். அந்தப் பாயசத்தைக் குடித்த சக தொழிலாளிகளுக்காக இதை எழுதுகிறேன்.

சமையல்கட்டுக்கு ஒரு வயலின்

என் முதல் வேலை ஒரு டிவி சீரியல். மாமியார் வாசலில் செருப்பைக் கழற்றினாலே வயலின் கதற வேண்டும். கொஞ்ச நாள் பொறுத்தேன். பிறகு டைரக்டரிடம், நடிகைதான் நன்றாக அழுகிறாரே, இந்த இடத்தில் இசை இல்லாமல் விடலாமே என்றேன். அவர் கோபிக்கவில்லை.

"ஊட்டுல பொம்பளைங்க டிவியைப் பாக்கறதில்லீங்க மேடம், சமையல்கட்டுல இருந்து கேக்கறாங்க. எப்ப ஓடி வரோணும்னு நீங்கதான் சொல்லோணும்."

கேட்கச் சகிக்காத குரல்

கோவை சிங்காநல்லூரில் என் ஸ்டூடியோவுக்கு அடுத்த சுவர் லேத் பட்டறை. மைக் வைத்துப் பதிவு செய்வதெல்லாம் அவர்கள் லீவு விடும் ஞாயிற்றுக்கிழமைதான். அப்படி ஒரு ஞாயிறு மேட்டுப்பாளையத்திலிருந்து கதிர் வந்தான். பாக்கு மண்டிக்காரர் ஒருவரின் ஒரே மகன். மண்டியில் பாக்கு உரிக்கும் ஒரு பெண்ணைப் பற்றித் தன் முதல் படத்தை எடுத்திருந்தான்.

எங்கள் இசை வரும் வரை, அந்தந்த இடத்தில் வேறு படத்து இசையை ஒட்டிவைப்பது தொழில் வழக்கம். டைரக்டர் அதையே கேட்டுக் கேட்டுப் பழகிப்போய், "இதே மாதிரி வேணும், ஆனா இது வேண்டாம்" என்று நம் உயிரை வாங்குவார். கதிரோ அந்த இடங்களிலெல்லாம் தானே முணுமுணுத்து வைத்திருந்தான். சுருதி ஒரு பக்கம், அவன் ஒரு பக்கம். இது எதற்கு என்று கேட்டேன்.

"வேற படத்து மியூசிக்குன்னா எனக்கே அது புடிச்சுப்போயிருமுங்க அக்கா. இது ஆருக்கும் புடிக்காது. உங்க மியூசிக் வந்ததும் மொதல்ல இதத்தான் தூக்கிப்போடோணும்."

ஒரு பட்டன்

பாதி இசை முடிந்திருந்தபோது லாரி மோதி கதிர் இறந்துபோனான். எப்படியாவது படத்தை முடித்துக் கொடுங்கள், ஊரில் ஒரு தடவையாவது போட்டுக் காட்ட வேண்டும் என்று அவன் அப்பா போனில் கேட்டார். செய்தேன். மிச்சமிருந்தது கடைசிக் காட்சி. அந்தப் பெண் மலையேறும் பஸ்ஸில் போகிறாள். அதற்கு நான் புல்லாங்குழல் போட்டுவிட்டேன், கூடவே கதிரின் குரலும் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. அதை எடுத்துவிட்டால் என் புல்லாங்குழல் இருக்கும், அவன் இருக்க மாட்டான். சவுண்ட் இன்ஜினீயர் சிவா நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்துவிட்டார்.

"நான் மியூட் பண்ண மாட்டேனுங்க மேடம். டீ குடிச்சுப்போட்டு வாரேன், நீங்களே பண்ணிக்கோங்க."

கொடுமுடியிலிருந்து வந்தவர்கள்

எனக்கும் கை வரவில்லை. குரல் அப்படியே இருக்கட்டும், பார்க்கிறவர்கள் அழட்டும் என்று முடிவு செய்து, கதிரின் பெற்றோரைப் படம் பார்க்க வரச் சொன்னேன். கொடுமுடியில் மகனுக்குத் திதி கொடுத்துவிட்டு நேராக வந்தார்கள். கடைசிக் காட்சியில் குரல் வந்ததும் அப்பா துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். "இப்படியே உட்டுருங்க" என்றார்.

அம்மா அதை மறுபடி போடச் சொன்னார். முழுதும் கேட்டார். இதைப் பற்றிக் கதிர் உங்களிடம் என்ன சொன்னான் என்று விசாரித்தார். மறைக்க மனம் வரவில்லை, சொல்லிவிட்டேன். அவர் கணவரின் கையைப் பிடித்துக்கொண்டுதான் பேசினார்.

"படம் அவனுதுங்க அம்மணி, அதை அவன் சொன்னபடியே முடிச்சுப்போடுங்க. கொரலு எங்களுது. அதை மட்டும் தனியாப் போட்டுக் குடுங்க, ஊட்டுக்குக் கொண்டுபோயிக்கிறோம்."

எந்த டைரக்டரோடும் மல்லுக்கட்டாமல் வேலை செய்து பழக்கமில்லாத நான், ஒருவர் சொன்னதை அப்படியே செய்தது அந்த ஒரு தடவைதான். சரியாக வந்திருக்கிறதா என்று கேட்கத்தான் டைரக்டர் இல்லை.