மேடம் பேசணும், பாட்டை நிறுத்துங்க

திருக்காட்டுப்பள்ளி பஸ்ஸில் இன்று என் பழைய பாட்டு ஓடியது. நான் பாடகியாக இருந்த காலத்தில் பாடியது. இப்போது மத்தியான டிவியில் ஊரார் குடும்பச் சண்டைகளை விசாரிக்கிறேன்.

பக்கத்து சீட் அக்கா என்னை அடையாளம் கண்டுகொண்டார்.

"மேடம், எங்க வயலுக்குத் தண்ணி வர்ற மடையைக் கொழுந்தனாரு அடைச்சு வச்சிருக்காரு. நட்ட பயிரு காயுது. போன் போட்டுத் தர்றேன், டிவில அதட்டுற மாதிரி ஒரு அதட்டு அதட்டுங்க."

"இன்னைக்கு எனக்கு லீவுங்க" என்றேன்.

அதற்குள் அவர் கண்டக்டரிடம் கத்திவிட்டார்.

"தம்பி, அந்தப் பாட்டை நிறுத்துங்க! மேடம் பேசணும்."

நிறுத்தினார்கள். அதட்டினேன். கொழுந்தனார் மடையைத் திறந்துவிடுகிறாராம்.

பாட்டுதான் சரணத்துக்கு முன்னாலேயே நின்றுவிட்டது. அடுத்த வரி எனக்கே மறந்துவிட்டது. யாருக்காவது ஞாபகம் இருந்தால் கீழே எழுதுங்கள்.