டாக்டரிடம் நான் மறைத்த தேதிகள்

மழை பெய்த நாள், குழாயில் தண்ணீர் வந்த நாள், வயிற்றுவலி, வீட்டுவிலக்கு என்று எல்லாவற்றையும் டைரியில் குறிப்பவள் நான். திண்டுக்கல் டாக்டரிடம் காட்ட அதிலிருந்து தேதிகளைத் தாளில் எழுதியபோது மாமியார் எட்டிப் பார்த்தார்.

"ஏத்தா, ஆம்பள டாக்டர்ட்ட விலக்கானதையுமா காட்டுவ? வெக்கமா இல்ல?"

வலித் தேதிகளை மட்டும் காட்டினேன். டாக்டரும் வேறெதுவும் கேட்கவில்லை. "காரத்தைக் குறைம்மா" என்று நான்கு வருடம் அல்சர் மாத்திரை கொடுத்தார்.

வலியில் மயங்கி விழுந்தபின், மதுரையில் ஒரு பெண் டாக்டர் டைரியையே வாங்கிப் படித்தார். வலியும் விலக்கும் ஒரே நாட்களில்! வயிற்றுக்குள் கருவி விட்டுப் பார்த்து, எண்டோமெட்ரியோசிஸ் என்றார். கருப்பையின் உட்சவ்வு போன்ற திசு கருப்பைக்கு வெளியே வளரும் நோயாம். மருந்தில் வலி குறைந்திருக்கிறதே தவிர, போகவில்லை.

அந்த நான்கு வருடத்தை எந்த வெட்கம் திருப்பித் தரும்? இப்போது எந்த டாக்டரானாலும், அவர் கேட்குமுன்பே விலக்கான தேதியைச் சொல்லிவிடுகிறேன். மாமியார் பக்கத்தில் இருந்தால், இன்னும் சத்தமாக.