சித்தி இருந்ததற்குச் சாட்சி

உலக அளவில் கண்ணாமூச்சிப் போட்டி ஒன்று நடத்தினால் தங்கக் கோப்பை சித்திக்குத்தான். ஆனால் அதை வாங்க மேடைக்கு வரமாட்டாள். இரண்டாவதாக வந்தவர் கையில் திணித்து அனுப்பிவிடுவார்கள். வானத்தில் சுற்றும் செயற்கைக்கோள்கள் எறும்புப் புற்றைக்கூடப் படம் பிடிக்குமாம். பதினான்கு வருஷமாகச் சித்தியின் தலைமுடி ஒன்றைக்கூட அவற்றால் பிடிக்க முடியவில்லை. கொசுகூட அந்த வீட்டுக்குள் வந்து சித்தியின் அக்காவைக் கடித்துவிட்டு, உள்ளே இன்னொருத்தி இருப்பது தெரியாமலே திரும்பிப் போய்விடும்.

காரணம் விசா. அக்காவின் பிரசவத்துக்கு ஒத்தாசையாக மூன்று மாத விசாவில் வந்தவள் சித்தி. பிறந்த குழந்தை ராத்திரி பகல் பார்க்காமல் வீல் வீலென்று கத்தியது. சித்தி தூக்கினால் மட்டும் வாயை மூடியது. விசா முடிந்தது. கத்தல் முடியவில்லை. "இன்னும் ஒரே ஒரு வாரம் இருடி" என்றாள் அக்கா. அந்த வாரம் முடியவே இல்லை. குழந்தை வளர்ந்து, பள்ளிக்கூடம் போய், கணக்கில் கோட்டை விட்டு, வாய் மட்டும் முழ நீளத்துக்கு நீண்டுவிட்டது. சித்தி சட்டப்படி இல்லாத ஆளாகவே தங்கிவிட்டாள்.

இல்லாத ஆளுக்கும் சாப்பாடு வேண்டுமே. பின் அறையில் ஒரு தையல் மெஷினைப் போட்டாள். பேண்ட்டின் நீளத்தைக் குறைப்பது, ஜிப் மாற்றுவது, பெருத்துப் போனவர்களுக்கு இடுப்பை விட்டுக் கொடுப்பது. துணியை வாசலில் வாங்குவதும் கொடுப்பதும் அக்கா. "உங்க கையில என்னமோ இருக்குங்க" என்று வாடிக்கைக்காரர்கள் புகழும்போது அக்கா வெட்கப்பட்டுச் சிரிப்பாள். அந்தக் கைக்கு ஒரு பட்டன் தைக்கத் தெரியாது.

காலிங்பெல் அடித்தால் சித்தி மூச்சைக்கூடப் பிடித்துக்கொள்வாள். வெளியே போனால், ஒரு சைக்கிள்கூட இல்லாத ரோட்டில் பச்சை விளக்கு வரும்வரை விளக்குக் கம்பத்துக்குத் துணையாக நிற்பாள். பல் வலித்தால் உப்புத் தண்ணீர். காய்ச்சல் என்றால் போர்வை. போட்டோ எடுக்கிறார்கள் என்றால் கதவுக்குப் பின்னால்.

அவள் வாய் திறந்து பேசுவது மெஷினோடு மட்டும்தான். அதற்கு எருமை என்று பெயர் வைத்திருந்தாள். எருமை ஓட ஆரம்பித்தால் கீழ்வீட்டு மின்விசிறி ஆடும். உடனே கீழேயிருந்து டொக் டொக்கென்று துடைப்பக் கட்டையால் கூரையைத் தட்டுவார் ஒருவர். ரிட்டயரான ரயில் டிரைவர். வீட்டில் அவருக்கு டொக்டொக் என்றே பெயர். சித்திக்குப் போலீசைவிட அவரிடம்தான் பயம். மனிதர் கடுப்பாகி ஒரு போன் போட்டால் போதும், கதை கந்தல். அவர் கதவு திறக்கும் சத்தம் கேட்டால், படி இறங்கிக்கொண்டிருப்பவள் திரும்பி மேலே ஓடிவிடுவாள்.

இப்படி இருக்கையில்தான் சட்டத்தில் ஒரு ஜன்னல் திறந்தது. இலவச சட்ட உதவி மையத்தில் இருந்த வக்கீலம்மா விளக்கினார்.

"பத்து வருஷத்துக்கு மேல இங்கேயே தொடர்ந்து இருந்தவங்களுக்குத் தங்குற அனுமதி கொடுக்கறாங்க. இருந்ததைக் காட்டினாப் போதும். வாடகை ஒப்பந்தம் இருக்கா?"

"அக்கா பேர்ல இருக்குங்க."

"பேங்க் கணக்கு?"

"ஐயையோ!"

"ஆஸ்பத்திரிச் சீட்டு?"

"உடம்புக்கு எதுவும் வர விட்டதில்லைங்க."

அக்கா ஆல்பத்தை நீட்டினாள். வக்கீலம்மா புரட்டிப் பார்த்தார். ஒரு படத்தில் திரைக்குப் பின்னால் பாதிப் பின்னல். மற்ற எல்லாவற்றிலும் ஓரத்தில் ஒரு முழங்கை.

"முழங்கைக்கு விசா கொடுக்கமாட்டாங்கம்மா. சரி, போலீஸ்ல ஏதாவது அபராதம் கட்டியிருக்கீங்களா?"

"சத்தியமா இல்லைங்க!" சித்தி நிமிர்ந்து உட்கார்ந்தாள். பரிசு வாங்க வந்தவள் மாதிரி.

வக்கீலம்மா தலையில் கை வைத்துக்கொண்டார். "ஒரே ஒரு தடவை ரோட்டைத் தப்பாக் கடந்திருக்கக் கூடாதா? அந்த ரசீது போதுமே! சரி, சொந்தக்காரங்க சாட்சி எடுபடாது. உங்களைப் பார்த்த வெளியாள் ஒருத்தராவது வேணும்."

"வெளியாள் கண்ணுல பட்டுடக் கூடாதுன்னுதானேங்க இத்தனை வருஷமும் பாடுபட்டேன்?"

மனு போடாமல் இருக்கலாம், பயந்தபடியே இன்னும் பதினான்கு வருஷம் ஓட்டலாம். போட்டால், நம்பினால் அனுமதி. நம்பாவிட்டால் திருப்பி அனுப்பும் உத்தரவு. ஒளிந்திருந்த இடத்தை அவளே கையைத் தூக்கிக் காட்டியது போலாகும். சித்தி இரண்டு நாள் எருமையோடு பேசாமல் இருந்தாள். மூன்றாம் நாள், "போட்டுடலாம்க்கா. முழங்கையாவே செத்துப் போக முடியாது" என்றாள்.

விசாரணைக்கு முந்தின வாரம் பாக்கித் துணியெல்லாம் தைத்து முடித்தாள். ஒரு பெட்டியில் நாலு புடவையை மடித்து வைத்தாள். அக்காவை உட்கார வைத்துப் பட்டன் தைக்கக் கற்றுக்கொடுத்தாள். கண்ணீர் கண்ணை மறைத்ததில் அக்கா ஊசி தெரியாமல் சட்டையைத் தன் முந்தானையோடு சேர்த்துத் தைத்துவிட்டாள். இரண்டு பேரும் அதைப் பிரித்தபடி சிரித்தார்கள், மூக்கை உறிஞ்சினார்கள், மறுபடி சிரித்தார்கள்.

விசாரணை நாள். குடியேற்ற அலுவலகத்தில் மூக்குக்கண்ணாடி போட்ட அதிகாரி சித்தியின் முழுப் பெயரைப் படித்து, "நீங்கதானே?" என்று கேட்டார்.

பழக்கதோஷம். "இல்லைங்க, அவங்க வெளிய போயிருக்காங்க" என்றாள் சித்தி.

வக்கீலம்மாவுக்குப் புரையேறியது. "அவங்கதான் சார், அவங்கதான். பயத்துல சொல்றாங்க." அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார். இந்தம்மா பதினான்கு வருஷம் இருந்ததாகச் சொல்வதை நம்புவதா, இப்போது இல்லை என்று சொல்வதை நம்புவதா என்று அவருக்கே குழப்பம்.

"வெளியாள் யாராவது இவங்களைப் பார்த்திருக்காங்களா?"

வக்கீலம்மா வாயைத் திறப்பதற்குள் கதவு படாரென்று திறந்தது. வரவேற்பில் 'நான் சாட்சி' என்று சொல்லிவிட்டு வந்த டொக்டொக், கையில் குடையோடு நின்றார்.

"இந்தம்மா போன வருஷம்தான் வந்தாங்களாமே! யாருகிட்டக் கதை விடறாங்க?"

சித்தி நாற்காலியோடு பின்னால் நகர்ந்தாள். போச்சு, மேல்வீட்டைக் காலி பண்ணவே மனுஷன் நேரில் வந்துவிட்டார் என்று நினைத்தாள்.

"நீங்க யாருங்க?" என்றார் அதிகாரி.

"கீழ்வீடு. வேலை பார்த்த காலம் பூரா ரயில் ஓட்டினவன். ரிட்டயராகி நிம்மதியா உட்காரலாம்னா, தலைக்கு மேல இவங்க தனியா ஒரு ரயில் விடறாங்க. பதினாலு வருஷமா! போன வருஷமாம், போன வருஷம்!"

"இவங்களைப் பார்த்திருக்கீங்களா?"

"எங்கங்க பார்க்க விட்டாங்க? நான் கதவைத் திறந்தாலே மாடிப்படியில செருப்பு ஓடும். பார்த்ததில்ல, கேட்டிருக்கேன்."

"அது அவங்க அக்காவா இருக்கலாமே?"

"அந்தம்மா நடந்தா பில்டிங்கே சொல்லும். இவங்க பூனை. தினமும் காலையில மெஷினைத் திறந்ததும் ஒரு பாட்டு: 'ஏண்டி எருமை, நேத்துதானே எண்ணெய் விட்டேன், அதுக்குள்ள...'"

மூச்சு வாங்க நிறுத்தினார்.

"அதுக்குள்ள நூலைத் திங்கணுமா, உன் வாயில மண்ணு விழ!" என்று அதே ராகத்தில் முடித்துவிட்டு, சித்தி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"கேட்டீங்களா? இதேதான்!" டொக்டொக் குடையால் தரையைத் தட்டினார்.

"எருமை யாரு?" அதிகாரி எழுதுவதை நிறுத்தினார்.

"மெஷினுங்க" என்றாள் சித்தி ஈனசுரத்தில்.

"மெஷினா! இத்தனை வருஷமா யாரோ ஒரு பொண்ணைப் பாடாப் படுத்தறாங்கன்னு நான் பரிதாபப்பட்டுக்கிட்டு இருந்தேன்!"

அதிகாரி உதட்டைக் கடித்துக்கொண்டார். "ஐயா, சத்தத்துக்குத் தேதி கிடையாது. பத்து வருஷத்துக்கு முன்னாடியும் இவங்கதான் இருந்தாங்கன்னு எப்படிச் சொல்றீங்க?"

டொக்டொக்கின் குரல் இறங்கியது. "பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னாடி என் வீட்டுக்காரி தவறிட்டா. தேதி உங்க கம்ப்யூட்டர்லயே இருக்கும், பாருங்க. அதுக்கப்புறம் மேல்வீட்டு மெஷின் ஒரு மாசம் ஓடல. காலி பண்ணிட்டாங்க போலன்னு நினைச்சேன். ஆனா பகல் பூரா தரையில கத்தரிக்கோல் வைக்கற சத்தம் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. அத்தனையும் கையால தைச்சிருக்காங்க."

முதல் தடவையாகச் சித்தியின் முகத்தைப் பார்த்தார். "சரிதானேம்மா?"

"துக்க வீட்டுக்கு மேல ஓட்ட மனசு வரலைங்க" என்றாள் சித்தி.

"மறுபடி நீங்க ஓட்டின அன்னிக்கு நான் தட்டினேனே, அது திட்டினது இல்ல."

"தெரியுங்க. அன்னிக்கு மெதுவாத்தான் தட்டினீங்க."

அதிகாரி தேதியைத் தேடி எடுத்தார். எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார். பிறகு இருவரிடமும் கையெழுத்து வாங்கினார். தன் சொந்தப் பெயரைச் சித்தி அவ்வளவு மெதுவாக எழுதி யாரும் பார்த்ததில்லை.

அனுமதி அடுத்த மாதம் வந்தது. அக்கா பெட்டியைத் திறந்து புடவைகளை ஒவ்வொன்றாக அலமாரியில் அடுக்கிக்கொண்டிருந்தபோது காலிங்பெல் அடித்தது. சித்தி மூச்சைப் பிடித்தாள். பிறகு விட்டாள். தானே போய்க் கதவைத் திறந்தாள்.

டொக்டொக். கையில் ஜிப் போன பேண்ட்.

"உள்ள வாங்கய்யா" என்று வாங்கிக்கொண்டவள், மனதில் குடைந்ததைக் கேட்டுவிட்டாள். "நான் போன வருஷம்தான் வந்தேன்னு உங்களுக்கு யாரு சொன்னது?"

"உங்க வீட்டு வாண்டுதான். என் வாசல்ல நின்னு போன்ல யாருகிட்டயோ கத்திக்கிட்டிருந்தா. 'எங்க சித்தி வந்து ஒரு வருஷம்தான் ஆகுது, கீழ்வீட்டுத் தாத்தா பதினாலு வருஷச் சத்தம்னு சும்மா புளுகறாரு'ன்னு. ஆபீஸ், மாடி, நேரம் எல்லாத்தையும் ரெண்டு தடவை சொன்னா." டொக்டொக் தாடையைச் சொறிந்தார். "போனைத் தலைகீழாப் பிடிச்சிருந்தா."

"அது தெரிஞ்சுமா வந்தீங்க?"

"ஜிப்பு எப்பம்மா கிடைக்கும்?" என்றார் டொக்டொக்.

அவரை அனுப்பிவிட்டுச் சித்தி பின் அறைக்கு வந்தாள். எருமையின் மேல் நோட்டை வைத்து ஒருத்தி மும்முரமாக எழுதிக்கொண்டிருந்தாள். சித்தி அவள் தோளுக்குப் பின்னால் நின்று இதுவரை எழுதியதை எல்லாம் படித்தாள்.

"எல்லாம் இருக்கு. அந்த மனுஷனைக் கிளப்பி விட்டது யாருன்னு மட்டும் காணோமே?"

"யாருக்குத் தெரியும் சித்தி?"

"போனை நேராப் பிடிக்கத் தெரியாத கழுதைக்குத் தெரியும்" என்று காதைப் பிடித்தாள். பிடித்த கை திருகவில்லை. காதை விடவுமில்லை.

"ம், அதையும் எழுது" என்றாள்.