கிளெனிஸ் பாஸ்கோ வராத நாட்கள்

வாரூகாவில் பழங்களை டப்பாவில் அடைக்கிற ஆலையை மூடிய பிறகு, ஊரில் பாதிப் பேரை அவரவர் கைபேசி ஒரே கேள்வி கேட்டது. நீங்கள் யார்? கிளெனிஸ் பாஸ்கோவுக்கு அந்தக் கேள்வியே பிடிக்கவில்லை. ஆலைக்கு முன் தெருவில் பிறந்து, பின் தெருவில் வாழ்க்கைப்பட்டு, பேக்கரிக்காரன் முதல் தபால்காரி வரை பெயர் சொல்லிக் கூப்பிடுகிற ஊரில், உள்ளங்கையளவு கண்ணாடி ஒன்று தன்னைப் பார்த்து யார் என்று கேட்பதா என்று அவளுக்கு எரிச்சல்.

எரிச்சல் சோறு போடாது. வேலை போனவர்களுக்கு அரசாங்கம் தருகிற உதவித்தொகை வேண்டுமானால் முதலில் இணையத்தில் தன்னை நிரூபிக்க வேண்டும். மாதக் கடைசிக்குள் அது நடக்காவிட்டால் வாடகை வீட்டைக் காலி செய்துவிட்டு அடிலெய்டில் தங்கை வீட்டுப் பின்னறைக்குப் போக வேண்டியதுதான். தங்கை தங்கமானவள். தங்கை புருஷன்தான் விடிவதற்குள் எழுந்து பேக்பைப் ஊதிப் பழகுகிறவன். ஆனால் கிளெனிஸ் பயந்தது பேக்பைப்புக்கு இல்லை. அடிலெய்டில் தெருவில் நடந்தால் அடையாளம் தெரிந்து யாரும் கை தூக்கமாட்டார்கள்.

ஆலை இருந்த காலத்தில் அவள் நடந்தால் கை தூக்கித் தூக்கியே தோள் வலிக்கும். ஜனவரி பிறந்தால் ஊர் முழுக்கச் சர்க்கரைப் பாகு வாசனை. லாரி லாரியாகப் பீச் பழம் வரும். ஆலைச் சங்கு ஊதியதும் நாலு தெருவிலிருந்தும் பெண்கள் வெள்ளைத் தொப்பியும் ரப்பர் பூட்ஸுமாக இறங்கி வருவார்கள். இத்தாலிக்காரி, துருக்கிக்காரி, அல்பேனியக்காரி, ஊரிலேயே பிறந்தவள் என்று பேதமெல்லாம் வாசல் வரைக்கும்தான். உள்ளே போனால் எல்லோருக்கும் ஒரே அரிப்பு. பீச் பழத் தோலின் சுணை கழுத்திலும் முழங்கை மடிப்பிலும் ஏறிக்கொண்டு, வீட்டுக்குப் போய்க் குளித்தாலும் விடாது.

கிளெனிஸின் இடம் பழங்களைச் சுமந்து ஓடுகிற பெல்ட்டில், ஜன்னலுக்குப் பக்கத்தில். கொட்டை நீக்கிய பாதிப் பழங்கள் இடமிருந்து வலமாக ஓடி வரும். அடிபட்டதையும் கொட்டைத் துணுக்கு ஒட்டியதையும் பொறுக்கி எறிய வேண்டும். எதிரே நின்றவள் லிரியே. அல்பேனியக் குடும்பத்துப் பெண், வாய் ஓயாதவள். இயந்திர இரைச்சலில் ஒரு வார்த்தை காதில் விழாது, ஆனாலும் அத்தனை பெண்களும் உதட்டைப் பார்த்தே ஊர்க்கதை முழுவதையும் பேசி முடித்துவிடுவார்கள். யாருக்குக் கல்யாணம், யார் புருஷன் குடிக்கிறான், கால்பந்துக் குழுவில் யாரைத் தூக்கிவிட்டார்கள், எல்லாம் அந்த பெல்ட்டின் மேல் போய் வந்தது. யாராவது ஒருத்தி பாட ஆரம்பித்தால் வரிசை முழுக்க வாய் அசையும். சத்தமே கேட்காத அந்தப் பாட்டை நினைத்தால் கிளெனிஸுக்கு இப்போதும் சிரிப்பு வரும், சிரிப்போடு கண்ணும் கலங்கும்.

அங்கே ஒரு வழக்கம் இருந்தது. உள்ளே நுழைகிற இடத்தில் பெரிய கடிகாரம். ஆளாளுக்கு ஒரு கார்டு, அதைச் செருகி அடித்தால் வந்த நேரம் பதிவாகும். ஒருத்தியின் பிள்ளைக்குக் காய்ச்சல், பஸ் தவறிவிட்டது, முந்தின நாள் கல்யாண வீட்டில் ஆட்டம் என்றால் இன்னொருத்தி அவளுக்கும் சேர்த்துக் கார்டு அடிப்பாள். அதை யாரும் ஏமாற்று என்று நினைத்ததில்லை. பக்கத்து வீட்டுக் குழந்தையைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொள்கிற மாதிரிதான். கிளெனிஸுக்கு லிரியே அடிப்பாள், லிரியேவுக்கு கிளெனிஸ் அடிப்பாள். வராதவளின் வேலையையும் வந்தவள் சேர்த்துச் செய்தாள் என்பதால் பழத்துக்கும் நஷ்டமில்லை.

கடிகாரத்துக்குப் பக்கத்தில் நிற்கிற ஆள் டெஸ் ஹாலம். யார் எப்போது வருகிறார்கள் என்று பார்ப்பதுதான் அவருடைய உத்தியோகம். நெட்டையான மனிதர், தடித்த கண்ணாடி. பெண்கள் அவருக்கு வைத்த பெயர் ஆந்தை. அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை, லீவு போட்டும் பார்த்ததில்லை.

கிளெனிஸின் புருஷன் கெல்வின் நுரையீரல் கெட்டுப் படுத்திருந்த வருஷம், அவள் வேலைக்கு வந்த நாட்களைவிட வராத நாட்கள் அதிகம். லிரியேதான் கார்டு அடித்துக்கொண்டிருந்தாள். கடைசியில் ஒரு காலை, ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அழைப்பு வந்து கிளெனிஸ் அப்படியே அங்கே ஓடினாள். அன்றைக்கு லிரியே இரண்டாவது கார்டைச் செருகியபோது டெஸ் அவள் கையைப் பிடித்தார். பழப் பருவம் முடியும் வரை லிரியேவுக்கு வேலை இல்லை என்று ஆயிற்று. அந்த மதியம் கெல்வின் இறந்தான். அடக்கத்துக்கு ஆலை முழுவதும் வந்தது. டெஸும் வந்தார், தேவாலயத்தில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். கிளெனிஸ் அவரைத் தாண்டித்தான் வெளியே போனாள், திரும்பிப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு ஆலை மூடும் வரை தினமும் அவர் முன்னால் கார்டு அடித்தாள், ஒரு வார்த்தை பேசவில்லை. மனிதனை வெறுப்பதற்கு அவளுக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான்.

இதெல்லாம் பழைய கதை. புதிய கதை லிரியேவின் சமையலறையில் தொடங்கியது. மேசை மேல் கீரை வைத்துச் சுட்ட பைரெக், பக்கத்தில் தேநீர், நடுவில் கைபேசி. முகத்தை வட்டத்துக்குள் வைத்து அசையாமல் நேராகப் பார்க்கச் சொன்னது திரை.

"ஆடாதேங்குதுடி. நீ ஏன் ஆடுற?" என்றாள் லிரியே.

"நான் எங்க ஆடுறேன்? கண்ணுதான் போவுது."

"எங்க போவுது?"

"பெல்ட்டோட போவுது," என்றாள் கிளெனிஸ். இடமிருந்து வலமாகவே வாழ்ந்த கண், ஓரிடத்தில் நிற்க மறுத்தது. மறுபடி மறுபடி முயன்றார்கள். திரை ஒவ்வொரு தடவையும் மரியாதையாக மன்னிப்புக் கேட்டுவிட்டு அவளை நிராகரித்தது.

கடைசியில் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு லிரியே திரையை வாசித்தாள். "அட, இதுக்கா இவ்வளவு கூத்து? உயிருள்ள ஒரு ஆள்தானா, போட்டோவைக் காட்டுறியான்னு பாக்குதாம். அவ்வளவுதான். நான் உயிரோடதானே இருக்கேன்? குடு இப்படி."

"என் பேர்ல இருக்குதுடி அது."

"கார்டும்தான் உன் பேர்ல இருந்துச்சு. நான் அடிக்கலியா?"

கிளெனிஸுக்கு அது நியாயமாகவே பட்டது. லிரியே தலைமுடியைக் கோதிக்கொண்டு, மூச்சைப் பிடித்து, சிலை மாதிரி உட்கார்ந்தாள். வட்டம் பச்சையாயிற்று, திரை நன்றி சொன்னது. இருவரும் பைரெக்கைச் சாப்பிட்டார்கள். ஆலை நாட்களுக்குப் பிறகு அவ்வளவு சந்தோஷமாக ஒரு காரியம் முடித்ததில்லை என்று பேசிக்கொண்டார்கள்.

மறுநாளே கணக்கு முடக்கப்பட்டது என்று செய்தி வந்தது. வேறு யாரோ கிளெனிஸ் பாஸ்கோவாக நடிக்கப் பார்ப்பதாகச் சந்தேகம், நேரில் வரவும்.

உதவித்தொகை அலுவலகத்தில் ப்ரூ என்ற பெண் அவளை உட்காரவைத்தாள். கோபிக்கிற பெண் இல்லை. அதுவே கிளெனிஸுக்கு இன்னும் கூச்சமாக இருந்தது.

"பாஸ்போர்ட்ல இருக்கிற முகம் ஒண்ணு, நேத்து காட்டின முகம் வேற ஒண்ணு. அது யாருங்க?"

"என் சிநேகிதி."

"அவங்க முகத்தை ஏன் காட்டினீங்க?"

"எனக்கு வரல. அவளுக்கு வந்துச்சு."

ப்ரூ பாஸ்போர்ட்டைப் புரட்டினாள். பாஸ்போர்ட்டும் தோழிகளோடு ஃபிஜிக்குக் கப்பலில் போன காலத்தது, எப்போதோ காலாவதியானது. அதில் கிளெனிஸ் சுருட்டை முடியும் நீலக் கண்மையுமாக இருந்தாள். கார் ஓட்டத் தெரியாததால் லைசென்ஸும் இல்லை. ஒரே வழிதான் இருந்தது. அவளைப் பல வருஷமாகத் தெரிந்த ஒருவர் நேரில் வந்து, இவள்தான் அவள் என்று கையெழுத்திட வேண்டும். உறவாக இருக்கக்கூடாது. இதே உதவித்தொகைக்கு விண்ணப்பித்தவராகவும் இருக்கக்கூடாது.

"ஊர்ல யாரைக் கேட்டாலும் என்னைத் தெரியும்," என்றாள் கிளெனிஸ்.

"அப்ப சுலபம்தானே?"

"ஊரே உங்க வாசல்லதான் நிக்குது," என்றாள் கிளெனிஸ். வெளியே வரிசையில் பெல்ட்டில் நின்ற அத்தனை பெண்களும், ஆலையோடு பிழைப்புப் போன பேக்கரிக்காரனும் தபால்காரியும் நின்றிருந்தார்கள். லிரியேவும் விண்ணப்பித்தவள். டாக்டர் போன மாதம் வந்தவர். பாதிரியார் அதற்கும் பிறகு வந்தவர். வரிசையில் நிற்காத, அவளைப் பல வருஷமாகத் தெரிந்த ஒரே ஆள், முதியோர் ஓய்வூதியம் வாங்கிக்கொண்டு, புல்தரையில் பந்து உருட்டி ஆடுகிற பௌல்ஸ் கிளப்பில் புல் வெட்டுகிற டெஸ் ஹாலம்.

விஷயத்தைக் கேட்டதும் லிரியே காரை ஓரமாக நிறுத்திவிட்டாள். "அந்த ஆந்தைகிட்டப் போய் நிக்கிறதுக்கு நீ அடிலெய்டுக்கே போயிடலாம்," என்றாள். பிறகு, "இல்ல. போய்க் கேளு. நான் பண்ணின கூத்து இது. நீ போயிட்டா நான் யார்கிட்டடி பேசுவேன்?" என்றாள். காரை மறுபடி கிளப்பினாள்.

டெஸ் கிளப் வாசலில் குழாயைச் சுருட்டிக்கொண்டிருந்தார். முதுகு வளைந்திருந்தது, கண்ணாடி இன்னும் தடித்திருந்தது. கிளெனிஸ் நேரே அவர் முன்னால் போய் நின்றாள். எடுத்த எடுப்பில், "எனக்கு ஒரு கையெழுத்து வேணும்," என்றாள். எதற்கு என்று அவர் கேட்கவில்லை, அவளே சொல்லி முடித்தாள்.

"எத்தனை மணிக்கு வரணும்?" என்றார்.

மறுநாள் அவள் அலுவலகத்துக்குப் போனபோது, டெஸ் இஸ்திரி போட்ட சட்டையும் டையுமாக, திறக்காத கதவுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார். லிரியே காரைவிட்டு இறங்கவில்லை.

ப்ரூ படிவத்தை எடுத்தாள். "இவங்களை எப்படித் தெரியும்?"

"ஆலையில. கடிகாரத்துக்குப் பக்கத்துல நிக்கிறது என் வேலை. தினம் பாத்திருக்கேன்."

"இவங்கதான் கிளெனிஸ் பாஸ்கோன்னு உறுதியாச் சொல்ல முடியுமா? ஏற்கெனவே ஒரு குழப்பம் ஆயிருக்கு. அதான் கேக்கறேன்."

"இவ வந்த நாளும் தெரியும், வராத நாளும் தெரியும்," என்றார் டெஸ். "வராத நாள்ல லிரியே ரெண்டு கார்டு அடிப்பா. முதல்ல அவளோடது. அப்புறம் குனிஞ்சு பூட்ஸை சரி பண்ற மாதிரி பண்ணிட்டு இவளோடது. அந்த ஒரு வருஷம் பூட்ஸ் தினமும் லூஸாயிடும்."

கிளெனிஸ் அவரைத் திரும்பிப் பார்த்தாள். தேவாலயத்தில் திரும்பாத தலை அது. "எல்லாம் பாத்தீங்களா?"

"பாக்கறதுக்குத்தானே சம்பளம்."

"அப்ப ஏன் அன்னிக்கு மட்டும் பிடிச்சீங்க?"

"மேனேஜர் அன்னிக்கு என் அறையில நின்னாரு, கண்ணாடிச் சுவருக்குப் பின்னால. அவரும் பாத்துட்டாரு. நான் பிடிக்கலேன்னா அவரு பிடிச்சிருப்பாரு. அவரு பிடிச்சிருந்தா உன் கார்டையும் சேத்துக் கிழிச்சிருப்பாரு, உன் வேலையும் போயிருக்கும்." அவர் மேசையைப் பார்த்தே பேசினார். "நான் லிரியேவோட நிறுத்தச் சொல்லி அவர்கிட்ட கேட்டுக்கிட்டேன்."

"இத்தனை வருஷம் இதைச் சொல்லவே இல்லியே."

"நீ என்கூடப் பேசலியே," என்றார் டெஸ்.

தினமும் அவரைத் தாண்டிப் போன அத்தனை காலைகளும் கிளெனிஸ் மேல் வந்து விழுந்தன. இந்த மனிதரை நான் என்ன செய்திருக்கிறேன் என்று நினைத்தாள்.

ப்ரூ பேனாவை அவர் பக்கம் நகர்த்தினாள். டெஸ் கையில் எடுத்தார், ஆனால் எழுதவில்லை.

"அன்னிக்கு நீ ஆஸ்பத்திரிக்கு நேரத்துக்குப் போனியா?" என்று கேட்டார். "கெல்வின் போறப்ப பக்கத்துல இருந்தியா?"

"இருந்தேன்," என்றாள் கிளெனிஸ். "கையைப் பிடிச்சுக்கிட்டுதான் இருந்தேன்."

"அப்ப சரி," என்று சொல்லிவிட்டு டெஸ் கையெழுத்துப் போட்டார்.