விக்கைக் கழற்றினால் வர வேண்டும்

சினிமா யூனிட்டுக்கு சேஃப்டி போட் ஓட்டுவது மீன் பிடிப்பதைவிடக் கஷ்டம். மீன் நடிக்காது. இந்த வேலைக்கு வரும் தம்பிகளுக்காக வண்டூர் கடற்கரையில் நடந்ததைச் சொல்கிறேன்.

லண்டனிலிருந்து ரோஸ்மேரி என்றொரு நடிகை வந்திருந்தார். அறுபதை நெருங்கியவர். நர்ஸ், கவர்னர் மனைவி, ரயிலில் எதிர் சீட்டுக்காரி என்று சின்னச் சின்ன வேஷங்களிலேயே காலம் போய்விட்டது. தன் பெயர் தன் ஊரிலேயே யாருக்கும் தெரியாது என்று சிரித்தார். முகம் நிறையத் தெரியும் ஷாட் இந்தப் படத்தில்தான் கிடைத்ததாம்: கடலில் மூழ்கிச் சாகும் காட்சி.

எங்களுக்குக் கையைத் தூக்கினால் ஆபத்து என்று அர்த்தம். ஆனால் காட்சியிலும் அவர் கையைத் தூக்க வேண்டும். அவர் சொன்ன யோசனையை உதவி இயக்குநர் கவிதா தமிழில் சொன்னாள்.

"அண்ணா, கையத் தூக்கினா வராதீங்களாம். விக்கைக் கழட்டி எறிஞ்சா வரணுமாம். கேமரா முன்னாடி சும்மா கழட்ட மாட்டாங்களாம்."

"டீக் ஹை. ஆனா வத்தம் தொடங்குறதுக்குள்ள முடிக்கச் சொல்லும்மா. தண்ணி இறங்குனா ஆளை வெளிய இழுத்துட்டுப் போயிரும்."

டைரக்டர் வெயிலுக்காகக் காத்திருந்தார். வத்தம் தொடங்கிய பிறகுதான் ஆக்‌ஷன் சொன்னார்.

மேடம் கையைத் தூக்கினார், மூழ்கினார், எழுந்தார். ஒவ்வொரு முறையும் கரையிலிருந்து இன்னும் தள்ளி எழுந்தார். விக் தலையிலேயே இருந்தது. திடீரென்று இரண்டு கையாலும் முடியைப் பிடித்து இழுத்தார். வரவில்லை. மறுபடி இழுத்தார்.

வாக்கிடாக்கியில் டைரக்டர் குரல்: "பிரமாதம். போட் ஃப்ரேமுக்குள்ள வரக்கூடாது."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. தண்ணீரில் கழன்றுவிடக் கூடாதென்று மேக்கப்காரர்கள் விக்கைப் பசை போட்டு ஒட்டியிருந்தார்கள்.

"அரே, அது நடிப்பில்ல சார்" என்று கத்திவிட்டு எஞ்சினை முடுக்கினேன்.

போட்டுக்குள் தூக்கிப் போட்டதும் தண்ணீரைக் கக்கினார். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு முதலில் கேட்டது, ஷாட் ஓகேவா என்று. எனக்குக் கோபம் கோபமாக வந்தது. பிறகு அந்த முகத்தைப் பார்த்து, ஓகே மேடம் என்றேன்.

சிக்னலை வாயால் பேசி முடித்துவிடாதீர்கள் தம்பிகளே. உடுப்பு, விக் எல்லாம் மாட்டிய பிறகு ஒருமுறை செய்து காட்டச் சொல்லுங்கள்.

என் போட் வருவதற்கு முன்பு வரை அந்த ஷாட் படத்தில் இருக்கிறது. தியேட்டரில் என் பக்கத்து சீட்டில் இருந்தவர், என்னமா நடிக்கிறாங்க என்றார். திரையில் ரோஸ்மேரி மேடம் என்னைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.