காரேஜ் தரையில் பூத்த கைமனைட்

வெர்டெல் கைமன் உயிரோடு இருக்கும்போதே தன் கல்லறைக்கல்லை நட்டுவிட்டார். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. எங்கள் ரெட் பென்ச் ஊரில் பாதிப் பேர் அப்படித்தான். புருஷன் பெண்டாட்டி பேரை ஒரே கல்லில் வெட்டி, நடுவில் எங்கள் சபைக் கோயில் படம் செதுக்கி, பின்பக்கம் பிள்ளைகள் பேரைப் போட்டு, செத்த தேதிக்கு மட்டும் இடம் விட்டு வைப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை சபை முடிந்ததும் போய்ப் பார்த்துவிட்டும் வருவார்கள். வெர்டெல் இன்னும் ஒரு படி மேலே போனார். தன் பேருக்குக் கீழே, "கைமனைட் கனிமத்தைக் கண்டெடுத்தவர்" என்று ஒரு வரி வெட்டச் சொன்னார்.

அந்தக் கல்லை நட்ட அன்று கைமனைட் என்று உலகத்தில் எந்தப் பட்டியலிலும் ஒரு கனிமம் கிடையாது.

என் டயர் கடை அவர் வீட்டுக்கு நேர் எதிர். பத்தாம் வகுப்பைத் தாண்டாதவன் நான். கனிமம் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் வெர்டெல் சொல்லி, அவர் மனைவி லுடீன் திருத்தி, கடைசியில் மியூசியத்து அம்மாள் வந்து இரண்டு பேரையும் மறுத்துச் சொன்னது.

பேர் வைப்பது வெர்டெலுக்கு ஒரு வியாதி. வாலிபத்தில் இந்தப் பள்ளத்தாக்கு முழுக்க யுரேனியம் தேடி அலைந்து நாற்பத்தொரு இடத்தில் உரிமை கோரிக் கட்டை நட்டார். கட்டைக்குக் கட்டை ஒரு டப்பா, டப்பாவுக்குள் உரிமைக் காகிதம். மற்ற ஊர்க்காரர்கள் புகையிலை டப்பா வைப்பார்கள். நாங்கள் புகையிலையைத் தொடாத சபை, அதனால் எங்களுடையது பேக்கிங் பவுடர் டப்பா. ஆளுக்கு ஒரு மாதிரி, காதலி பேர், குதிரை பேர் என்று சுரங்கத்துக்குப் பேர் வைப்பார்கள். வெர்டெல் வைத்தது வெர்டெல் ஒன்று, வெர்டெல் இரண்டு, அப்படியே நாற்பத்தொன்று வரை. அதில் சாதுக் கழுதை மாதிரி கொஞ்சமாவது உழைத்தது பதினேழு மட்டும்தான். அதை வெட்டினது வெர்டெலும் அவர் தம்பி டோரலும்.

டோரல் நாற்பத்து நாலாம் வயதில் நுரையீரல் போய்ச் செத்தான். ஆயுசில் ஒரு சிகரெட்டைக் கையில் எடுக்காதவன். எவனோ ஒரு டாக்டர் சிகரெட் பழக்கம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டான். டோரலுக்குக் குழந்தை குட்டி இல்லை. வெர்டெலுக்கு நாலும் பெண். நாலும் கட்டிக்கொண்டு போன இடத்தில் வேறு பேர். கைமன் என்ற பேர் ஊரில் இனி இவரோடு சரி. இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள், ஏனென்றால் நாங்கள் யாரும் அப்போது வைத்துக்கொள்ளவில்லை. அவரைப் பார்த்துச் சிரிப்பதில்தான் மும்முரமாக இருந்தோம்.

எழுபத்தெட்டு வயதில் வெர்டெல் சும்மா பதினேழுக்குள் டார்ச் அடித்துப் பார்க்கப் போனார். வெட்டி விட்டுவிட்டு வந்த சுவரில் நாற்பது வருஷமாக ஈரம் கசிந்து எலுமிச்சை மஞ்சளில் ஒரு பூஞ்சை மாதிரி பூத்திருந்தது. ஒரு சிட்டிகை சுரண்டி, ரத்த அழுத்த மாத்திரை டப்பாவில் போட்டு, எங்கேயோ கடற்கரை ஊர் மியூசியத்துக்கு அனுப்பினார். நாலு மாதம் கழித்து டாக்டர் இன்க்ரிட் வாஸ் என்ற அம்மாள் போன் செய்தார். அன்று மத்தியானமே வெர்டெல் என் கடைக்கு வந்து, நான் ஜாக்கிக்கு அடியில் படுத்திருக்கும்போது குனிந்து கத்தினார்.

"கென்ட்! உலகத்துல யாரும் பாக்காததுய்யா அது! புதுசு!"

"காலை எடுங்க பிரதர் கைமன், ஜாக்கி நழுவிடும்."

"கண்டெடுத்தவன் தன் பேரைத் தானே வச்சுக்கக் கூடாதாம். ஆனா ஆராய்ச்சி பண்றவங்க வைக்கலாம். அந்தம்மா வைக்கிறேன்னுட்டாங்க. ஒரு கமிட்டி ஓட்டுப் போடணும், அவ்வளவுதான்."

"வெர்டெல் நாற்பத்திரண்டுன்னு வைக்கச் சொன்னீங்களா?"

"அந்தம்மா வெர்டெலைட்னுதான் கேட்டாங்க. நான்தான் வேணாம்னுட்டேன். கைமன்னே இருக்கட்டும். அந்தக் குழிக்குள்ள போனது ரெண்டு கைமன்."

நான் போல்ட்டை முறுக்கினேன்.

விஷயம் இதுதான். கமிட்டி ஓட்டுப் போட வேண்டுமானால் ஒரு மாதிரிக் கல் மியூசியத்தில் என்றைக்கும் இருக்க வேண்டும். பிறகு எவனாவது சந்தேகப்பட்டால் எடுத்துப் பார்க்க. அனுப்பின சிட்டிகை ஆராய்ச்சியிலேயே பொடியாகிவிட்டது. மிச்சம் இருக்கிறதா என்று அம்மாள் கேட்டார். ஒரு பெட்டி நிறைய இருக்கிறது என்று சொல்லிவிட்டு, வெர்டெல் மறுநாளே பதினேழுக்குப் போய்ச் சுவர்க் காகிதம் உரிக்கிற தகட்டால் மஞ்சள் ஒட்டின கல்லோடு பெயர்த்து, ஒரு பொட்டு விடாமல் எடுத்துக்கொண்டு வந்தார். வேறு எவனும் வந்து சுரண்டிவிடக் கூடாதாம். நாற்பது வருஷம் எவனும் அந்தப் பக்கம் ஒன்றுக்குக்கூட ஒதுங்கவில்லை. இனி கூட்டம் முட்டும் என்று பயம்.

அம்மாள் இரண்டு வாரத்தில் நேரில் வருவதாக ஏற்பாடு. அவர் சொன்னது ஒன்றே ஒன்று, பெட்டியை அப்படியே வைத்திருங்கள், எதுவும் செய்யாதீர்கள்.

இங்கேதான் எங்கள் ஊர்ப் புத்தி உள்ளே நுழைந்தது. மாவட்டக் கண்காட்சியில் கல் போட்டி நடக்கும். அழுக்கோடு கல்லை வைத்தால் நடுவர் மார்க்கைக் குறைப்பார். அதனால் எங்கள் ஊரில் எவனும் கழுவாத கல்லை இன்னொருத்தன் கையில் கொடுக்க மாட்டான். அது விருந்தாளிக்கு எச்சில் தட்டை நீட்டுகிற மாதிரி.

வெர்டெல் பழைய பல் பிரஷ்ஷும் பாத்திரம் தேய்க்கும் சோப்பும் எடுத்துக்கொண்டு அடுப்படிக்கு வந்தார். லுடீன் மறித்தாள்.

"அந்தம்மா ஒண்ணும் பண்ணாதேன்னு சொல்லலை?"

"கழுவுறது ஒண்ணு பண்றதா? கடற்கரையிலருந்து வர்றாங்க, மண்ணோடவா குடுப்பாங்க?"

"என் சிங்க்ல கதிர்வீச்சுக் கல்லைத் தேய்க்காதே. காரேஜுக்குப் போ."

"சரி, பாத்திரம் குடு."

"ஜெல்லிக் கிண்ணத்தைத் தொட்டே, உன்னையும் அதுலயே கழுவிடுவேன்."

பிளாஸ்டிக் வாளியோடு காரேஜில் உட்கார்ந்து பதினாலு கல்லையும் தேய்த்தார். தண்ணீர் மஞ்சளாக இறங்கிக்கொண்டே இருந்தது. ரோட்டுக்கு இந்தப் பக்கமிருந்து எனக்கே தெரிந்தது. "எவ்வளவு அழுக்கு பாரு கென்ட்!" என்று சந்தோஷமாகக் கத்தினார். நாலு வாளி மாற்றினார். நாலையும் சிமெண்ட் தரையிலேயே கவிழ்த்தார். பிறகு கல்லையெல்லாம் துண்டின்மேல் வரிசையாக அடுக்கினார்.

பதினாலும் வெறும் பழுப்பு மணற்கல். அந்த மாதிரிக் கல் என் கடை வாசலில் லாரி லாரியாகக் கிடக்கிறது.

ஈரத்தில் நிறம் தெரியாது, காயட்டும் என்றார். நாற்காலி போட்டுக் காவல் உட்கார்ந்தார். எங்கள் வெயிலில் துணியே பத்து நிமிஷத்தில் காயும். அவர் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தார். லுடீன் வந்து, துண்டைப் பார்த்து, வாளியைப் பார்த்து, தரையில் ஓடின மஞ்சள் கறையைப் பார்த்தாள்.

"உப்பு மாதிரி கரையுற சாதிடா அது. உன் பேரு வடிஞ்சு போச்சு, வெர்டெல்."

கல்லறைக்கல் நட்டு அன்றைக்கு ஒன்பது நாள்.

அதோடு முடிந்திருந்தால் நான் இதை எழுதவே மாட்டேன். மூன்றாம் நாள் காலை வெர்டெல் உள்ளாடையோடு ரோட்டைக் கடந்து ஓடிவந்து என்னை இழுத்துக்கொண்டு போனார். காரேஜ் தரையின் வெடிப்பு நெடுக, ஊற்றின தண்ணீர் காய்ந்த இடத்தில், எலுமிச்சை மஞ்சளில் பொடிப்பொடி ஊசியாகப் பூத்திருந்தது. சுரங்கத்தில் இருந்ததைவிட அழகு. கதிர்வீச்சு அளக்கிற பெட்டியைப் பக்கத்தில் கொண்டுபோனார். எண்ணெயில் சோளம் பொரிகிற மாதிரி அது படபடவென்று கத்தியது.

"திரும்பி வந்துட்டுது, பாத்தியா?"

காரை ரோட்டில் நிறுத்தினார். பூத்த இடத்தைச் சுற்றி நாலு தோட்ட நாற்காலியைப் போட்டுக் கயிறு கட்டினார். பூனையை விரட்ட லுடீனைக் காவல் வைத்தார். அவள் நாற்காலியில் உட்கார்ந்து பின்னல் போட்டுக்கொண்டு, பூனை வந்தால் "வா வா" என்றாள். சபையிலிருந்து ஆட்கள் வீட்டில் சுட்ட கேசரோல் சாப்பாட்டுத் தட்டோடு வந்து பார்த்துப் போனார்கள், சாவு வீட்டுக்கு வருவது போலவா பிள்ளை பெற்ற வீட்டுக்கு வருவது போலவா என்று அவர்களுக்கே தெரியாமல்.

டாக்டர் வாஸ் வாடகைக் காரில் வந்து இறங்கினார். ஒல்லியான அம்மாள், கழுத்தில் லென்ஸ். கயிற்றைத் தாண்டி மண்டி போட்டு வெகுநேரம் பார்த்தார்.

"ரொம்ப அழகா இருக்கு மிஸ்டர் கைமன். இவ்வளவு நல்ல படிகம் நான் பாத்ததில்லை."

வெர்டெல் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

"ஆனா இது கனிமம் இல்லை."

"அதே சாமான்தானே?"

"அதேதான். அணுவுக்கு அணு அதேதான். ஆனா இது இயற்கையா உருவாகல. நீங்க கழுவி ஊத்தினதுல வந்தது. மனுஷன் பண்ணினதைக் கனிமம்னு ஏத்துக்க மாட்டாங்க."

"சுரங்கச் சுவரு இயற்கையா? அதை யாரு வெட்டினது? நானும் டோரலும் டைனமைட் வச்சு வெட்டினோம்மா."

"அங்க அதுவா வளந்துச்சு."

"இங்க மட்டும் நான் குனிஞ்சு ஊதியா வளத்தேன்? படுத்துத் தூங்கிட்டிருந்தேன்."

அம்மாளுக்குச் சிரிப்பு வந்ததை அடக்கிக்கொண்டார். நல்ல மனுஷி. "விதியை நான் எழுதல மிஸ்டர் கைமன்," என்றார். "சுவத்துல ஏதாவது மிச்சம் இருக்கா? கடுகளவு போதும்."

வெர்டெல் கூரையைப் பார்த்தார். லுடீன் பின்னலிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னாள். "தகடு வச்சு வழிச்சுட்டாரும்மா. சுத்தமான ஆளு."

"அப்ப மறுபடி பூக்கிற வரைக்கும் காத்திருக்கணும்."

"எத்தனை நாளு?"

"போன தடவை நாப்பது வருஷம் ஆச்சுன்னீங்க."

"எனக்கு எழுபத்தெட்டு," என்றார் வெர்டெல்.

அம்மாள் கல்லையெல்லாம் ஒவ்வொன்றாக லென்ஸில் பார்த்தார். சோப்பு வாசனை அடித்ததே தவிர ஒன்றும் அகப்படவில்லை. போகும்போது லுடீன் பச்சை ஜெல்லி கொடுத்தாள். அம்மாள் கிண்ணத்தை ஒரு கணம் சந்தேகமாகப் பார்த்துவிட்டுத்தான் சாப்பிட்டார்.

அதற்குப் பிறகு வெர்டெல் சனிக்கிழமை தோறும் பதினேழுக்குப் போய் டார்ச் அடித்துச் சுவரைப் பார்த்துவிட்டு வந்தார். "ஏதாவது முளைச்சுதா பிரதர்?" என்று கேட்பது ஊரில் ஒரு வழக்கமாகிவிட்டது. நானும் கேட்டிருக்கிறேன். ஒரு சனிக்கிழமை மட்டும், "டோரலோட மண்வெட்டிப் பிடி அங்கயே கிடக்கு," என்று சொல்லிவிட்டுப் போனார். அன்றையிலிருந்து நான் கேட்பதை விட்டுவிட்டேன்.

மூன்றாம் வருஷம் டாக்டர் வாஸிடமிருந்து கடிதம் வந்தது. மாநில எல்லைக்கு அந்தப் பக்கம் வேறொரு பழைய சுரங்கத்தில் அதே மஞ்சள் கிடைத்துவிட்டதாம். கண்டெடுத்தவர்கள் வேறு ஆட்கள், கழுவவில்லை. கமிட்டி ஓட்டுப் போட்டுவிட்டது. பேர், எங்கேயோ ஒரு பல்கலைக்கழகத்தில் ஓய்வுபெற்ற பேராசிரியருடையது. அவர் பேருக்குப் பின்னால் ஐட் என்ற வாலை ஒட்டிவிட்டார்கள். அந்த ஆளுக்குத் தொண்ணூறு வயது, தினமும் நீச்சல் அடிக்கிறாராம், நுரையீரல் அருமையாக இருக்கும். சுரங்கத்துக்குள் இறங்கினவன் பேர் ஆஸ்பத்திரிக் காகிதத்தில் இருக்கும், இறங்காதவன் பேர் கல்லில் இருக்கும். இதற்கும் ஒரு கமிட்டி இருக்கிறது போல.

கடிதத்தைப் படித்துவிட்டு லுடீன் கல் வெட்டுகிற ஓர்வில்லுக்குப் போன் போட்டாள். கல்லறையில் பொய்யோடு படுக்க மாட்டேன், அந்த வரியை எடுத்தாக வேண்டும் என்றாள். ஓர்வில் வந்து பார்த்துவிட்டுத் தலையைச் சொறிந்தான்.

"செதுக்கி எடுத்தா கல்லு விண்டுடும் சிஸ்டர் கைமன். வேணும்னா எழுத்துப் பள்ளத்தைப் பசை வச்சு அடைக்கிறேன்."

"அடை. அப்படியே என் பேருக்குக் கீழ ஒரு வரி வெட்டு. 'நான் அப்பவே சொன்னேன்'னு."

"அம்மா, இது கல்லறை."

"அதனாலதான் சொல்றேன். அங்க வச்சுத்தான் எதிர்த்துப் பேச மாட்டாரு."

அந்த வரியை ஓர்வில் வெட்டவில்லை. பள்ளத்தை மட்டும் அடைத்தான். சிவப்புக் கல்லுக்கு ஏற்ற நிறத்தில் பசை கலக்கியிருப்பதாகத்தான் சொன்னான். காய்ந்ததும் அது பல் வெள்ளையாக வெளுத்துவிட்டது. முன்பு குனிந்து பார்த்தால்தான் தெரிகிற வரி, இப்போது ரோட்டில் போகிற லாரிக்காரனுக்கும் தெரிந்தது. "கைமனைட் கனிமத்தைக் கண்டெடுத்தவர்."

லுடீன் இடுப்பில் கை வைத்து நின்றாள். ஓர்வில் வேறு பசை கலக்கிக்கொண்டு வருகிறேன் என்று டப்பாவை எடுத்தான். வெர்டெல் அவன் கையிலிருந்து அதை வாங்கி மூடியை இறுக்கினார்.

"இருக்கட்டும்டா," என்றார். "மழை வரும். எது கரையுது பாப்போம்."